பழைய பேஜ்மேக்கர் கல்வெட்டைப் புதுக் கணினியில் திறப்பது எப்படி?

அந்தியேட்டிக் கல்வெட்டு (இறந்தவர் நினைவாக அச்சிடும் சிறுநூல்), கும்பாபிஷேக மலர், பாடசாலை மலர் என்று யாழ்ப்பாணத்து அச்சகங்களின் பழைய சீடிகளில் கிடப்பவற்றில் பலதும் பேஜ்மேக்கர் என்ற பழைய பக்க வடிவமைப்பு மென்பொருளில், ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழைக் காட்டும் பாமினி எழுத்துருவில் செய்தவை. விண்டோஸ் 11 இல் அவற்றை நேரே திறக்க மல்லுக்கட்ட வேண்டாம். 64 பிற் விண்டோஸ் 16 பிற் நிரலை ஓட விடாது. அந்தக் காலத்து நிறுவிகள் பலவற்றில் 16 பிற் பகுதி இருக்கிறது. பேஜ்மேக்கர் 7 வந்தது 2001 இல், விண்டோஸ் எக்ஸ்பி வந்ததும் அதே ஆண்டில். இரண்டையும் ஒன்றாகவே வைத்திருப்பதுதான் நல்லது.

1. வேர்ச்சுவல்பொக்ஸில் (கணினிக்குள் இன்னொரு கணினியை ஓட்டும் மென்பொருள்) எக்ஸ்பியையும் அதற்குள் பேஜ்மேக்கரையும் நிறுவுங்கள். 512 எம்.பி. ராம் போதும். வேர்ச்சுவல்பொக்ஸ் அமைப்பில் வன்தட்டை ஐ.டி.ஈ. என்ற பழைய இணைப்பு வகையில் கொழுவுங்கள், புதிய வகையான சாற்றா கொடுத்தால் நிறுவல் நடுவிலேயே நின்றுவிடும், எக்ஸ்பியிடம் அதற்கான டிரைவர் இல்லை. அதே அமைப்பில் ஈ.எஃப்.ஐ. (புதிய முறைத் தொடக்கம்) தெரிவையும் எடுத்துவிடுங்கள். 2014 இற்குப் பிறகு எக்ஸ்பிக்கு வழமையான பாதுகாப்புத் திருத்தம் கிடையாது, ஆகவே இணையத்தை நிறுத்தி வையுங்கள்.

2. கோப்பைத் தொடமுன் பாமினியை நிறுவுங்கள். பலர் சறுக்கும் இடம் இதுதான். பேஜ்மேக்கர் கோப்புக்குள் எழுத்துரு இராது. அது இல்லாமல் திறந்தால் 'பனோஸ்' என்றொரு பெட்டி வந்து, எதை மாற்றாக வைக்கலாம் என்று கேட்கும். அங்கே 'நிரந்தரம்' என்பதைத் தெரிந்து சேமித்தால் எழுத்துருவின் பெயரே மாறிப்போகும். பிறகு பாமினியை நிறுவினாலும் பக்கம் தானாகத் திருந்தாது. மெய்யெழுத்தின் புள்ளி வரவேண்டிய இடமெல்லாம் அரைப்புள்ளி (;) தெரிகிறதா? பாமினி இல்லை என்று அர்த்தம். சேமிக்காமல் மூடுங்கள். பாமினியிலும் பல பதிப்புகள் உலாவுகின்றன. ஓரிரு எழுத்து மட்டும் பிசகினால், அந்த வேலை செய்த கணினியின் எழுத்துருக் கோப்பையே தேடி எடுங்கள்.

3. படங்கள் பெரும்பாலும் வெளியே இருக்கும். சீடியிலிருந்த போல்டரை முழுதாகப் பிரதி செய்து, பேஜ்மேக்கரின் லிங்ஸ் (இணைப்புகள்) பெட்டியில் காணாமற்போனவற்றுக்கு வழி காட்டுங்கள்.

4. பீ.டி.எஃப். எடுக்க, பெயரின் முடிவில் 'பி.எஸ்.' உள்ள கலர் பிறின்ரர் டிரைவர் ஒன்றை எக்ஸ்பியில் சேருங்கள்; பிறின்ரர் கையில் இருக்கவேண்டியதில்லை. அச்சிடும் பெட்டியில் போஸ்ற்ஸ்கிரிப்ற்றை (பிறின்ரருக்குப் பக்கத்தை விவரிக்கும் மொழி; 'பி.எஸ்.' என்பது அதுதான்) கோப்பாக எழுதச் சொல்லுங்கள். எழுத்துருத் தெரிவில் ட்ரூரைப்பும் (பாமினி போன்ற எழுத்துருக்களின் கோப்பு வகை) சேர்ந்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் பீ.டி.எஃப். இலும் அதே அரைப்புள்ளிதான். வந்த கோப்பைப் புதுக் கணினிக்குக் கொண்டுவந்து கோஸ்ற்ஸ்கிரிப்ற் என்ற மென்பொருளால் பீ.டி.எஃப். ஆக மாற்றுங்கள். இலவசம், அலுப்புத் தராது.

லிப்ரே ஒஃபிஸ் டிரோவும் பேஜ்மேக்கர் கோப்பைத் திறக்கும். உள்ளே என்ன இருக்கிறது என்று எட்டிப் பார்க்க அது போதும். பக்க அமைப்பை அதை நம்பி ஒப்படைக்க மாட்டேன்.

பின்சேர்க்கை: எழுத்தை மட்டும் யூனிகோட்டில் கேட்கிறவர்கள், பந்திகளை வெட்டி என்.எச்.எம். கன்வேர்ட்டர் என்ற எழுத்து மாற்றும் மென்பொருளில் பாமினியிலிருந்து மாற்றலாம். ஆனால் இடையில் வரும் ஆங்கிலச் சொற்களையும் அது பாமினி என்றே எடுத்துக்கொள்ளும். மின்னஞ்சல் முகவரியும் வெளிநாட்டுப் பெயர்களும் அர்த்தமில்லாத தமிழாகிவிடும். அவற்றை முதலே வெட்டி வைத்துவிட்டு, மாற்றியபின் ஒட்டுங்கள்.