ஸ்டார்ட்டர் மோட்டரைக் கடைசியாகக் கழற்றுங்கள்

எங்கள் வீட்டுக் கார் 1983 ஆம் ஆண்டு டொயோட்டா கொரோலா. கொழும்பில் 'டிஎக்ஸ் வேகன்' என்று சொன்னால்தான் ஆட்களுக்கு விளங்கும். அப்பா வைத்திருந்து எனக்கு வந்தது. 4கே என்ஜின், 1290 சிசி, பழைய கார்பரேட்டர். வெள்ளவத்தையில், கடலோர மரைன் டிரைவில் இருந்து 200 யார் தூரம் உள்ளே நிற்கிறது. அந்த 200 யார் தூரம் கதைக்கு முக்கியம், பிறகு சொல்கிறேன்.

2022 பெற்றோல் வரிசையை மறந்திருக்க மாட்டீர்கள். முன்னால் நிற்கும் கார் பத்தடி நகர்ந்தால் நாமும் செல்ஃப் அடித்துப் பத்தடி நகர வேண்டும். விவரம் தெரிந்தவர்கள் கதவைத் திறந்து தள்ளிக்கொண்டே போனார்கள். நான் ஒவ்வொரு தரமும் திறப்பைத் திருப்பினேன். அந்த வருடமே ஒரு காலையில் 'டக்' என்ற ஒற்றைச் சத்தத்தோடு கார் நின்றுவிட்டது. ஒரு கராஜில் பொனட்டைத் திறந்த கையோடு "ஸ்டார்ட்டர் மோட்டர் போய்விட்டது" என்றார்கள், செல்ஃப் அடிக்கும்போது என்ஜினைச் சுற்றிவிடும் மோட்டர் அது. மறுபேச்சில்லாமல் ஒரு ரீகண்டிஷன் மோட்டர் வாங்கிப் பூட்டினேன். மூன்றாம் நாள் மறுபடியும் 'டக்'. கடைசியில் பார்த்தால், என்ஜினில் இருந்து காரின் பொடிக்கு, அதாவது உடம்புக்கு, போகும் ஏர்த் கேபிளின் முனைக்குள் பச்சைப் பவுடர். கடற்காற்று தின்றுவிட்டது. நல்ல மோட்டரைக் கழற்றிப் படிக்கட்டுக்குக் கீழே போட்டுவிட்டு, பழுதான கேபிளை அப்படியே விட்டிருக்கிறோம்.

இரண்டு வருடம் கழித்து அதே 'டக்' திரும்பி வந்தது. இந்தத் தரம் யாரிடமும் கேட்காமல் நானே வரிசையாகப் பார்த்தேன். உண்மையிலேயே மோட்டர்தான். கீழே எழுதியிருப்பது அந்த இரண்டாவது தரம் செய்த வேலை.

முதலில் காதைக் கொடுத்துக் கேளுங்கள். திறப்பைத் திருப்பியதும் 'டிக் டிக் டிக்' என்று வேகமாகத் துடித்தால் அனேகமாகப் பற்றரி இறங்கியிருக்கிறது, அல்லது டெர்மினல் பிடிக்கவில்லை. கனமான ஒரே ஒரு 'டக்' கேட்டு என்ஜின் அசையாவிட்டால் கேபிள், சொலினொயிட் (மோட்டரோடு இருக்கும் மின்காந்த சுவிட்ச்), கார்பன் பிரஷ் (மோட்டரின் சுற்றும் பாகத்துக்கு மின்சாரம் கொடுக்கும் கரித்துண்டு) மூன்றில் ஒன்று. 'வீ...' என்று மோட்டர் மட்டும் சுற்றி என்ஜின் சுற்றாவிட்டால் முன்னால் இருக்கும் பெண்டிக்ஸ் (என்ஜினைப் பிடித்துச் சுற்றும் சின்னப் பல்சக்கரம்) வழுக்குகிறது. கரகரவென்று பல்லைக் கடிக்கும் சத்தம் என்றால் பெண்டிக்ஸ் பல்லோ, என்ஜினின் பிளைவீல் சக்கரத்தைச் சுற்றியிருக்கும் ரிங் கியர் பல்லோ தேய்ந்திருக்கிறது. நாலு சிலிண்டர் என்ஜின் அணைக்கும்போது பெரும்பாலும் அதே இரண்டு இடங்களில்தான் வந்து நிற்கும். அதனால் ரிங் கியர் அந்த இரண்டு இடத்தில்தான் தேயும். காரை மூன்றாம் கியரில் போட்டுக் கொஞ்சம் முன்னுக்குத் தள்ளிய பிறகு ஒழுங்காக ஸ்டார்ட் ஆகிறதா? அப்படியானால் புது மோட்டர் வாங்கிப் பயனில்லை, கியர்பெட்டியை இறக்க வேண்டிய வேலை அது. சத்தமே இல்லையா? திறப்பு சுவிட்ச், சின்ன வயர், பியூஸ் பக்கம் போங்கள். ஓட்டோமெட்டிக் என்றால் லீவரை நியூட்ரலில் போட்டும் ஒரு தரம் அடித்துப் பாருங்கள்.

இருட்டிய பிறகு ஹெட்லைட்டைப் போட்டுக்கொண்டு செல்ஃப் அடிப்பது மீட்டர் இல்லாதவர்களுக்கான சோதனை. வெளிச்சம் செத்துப்போனால் பற்றரி அல்லது டெர்மினல், இல்லாவிட்டால் இறுகிப்போன மோட்டர். வெளிச்சம் அசையாமல் இருந்தால் மின்சாரம் மோட்டருக்குள் போகவே இல்லை.

ஆனால் ஒரு மலிவான மல்டிமீட்டர் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். நான் முதல் தரம் வாங்கிய மோட்டரின் விலையில் பத்து மீட்டர் வாங்கியிருக்கலாம்.

மீட்டரை 20 வோல்ட் டிசியில் வையுங்கள். காரை நியூட்ரலில் விட்டு ஹாண்ட்பிரேக்கை இழுங்கள். ஸ்பார்க் கொடுக்கும் கொயிலின் பிளஸ் பக்கத்துச் சின்ன வயரைக் கழற்றி நுனிக்கு டேப் சுற்றிவிடுங்கள், சோதனை நேரம் என்ஜின் ஸ்டார்ட் ஆகக் கூடாது. திறப்பைத் திருப்ப ஓர் ஆள் வேண்டும். எனக்குக் கீழ்வீட்டுத் தம்பி வந்தான்.

"அன்ரி, அடிக்கவா?"

"நான் சொன்னா மட்டும் அடி. அஞ்சு செக்கன், பிறகு விடு."

இரவு முழுக்க ஓய்வாக நின்ற பற்றரி 12.6 வோல்ட் காட்டினால் நிறைந்திருக்கிறது. 12.4 பரவாயில்லை. 12 என்றால் சார்ஜ் போட்டுவிட்டு வாருங்கள், இறங்கிய பற்றரியோடு செய்கிற எந்தச் சோதனையும் பொய் சொல்லும். அப்புறம் செல்ஃப் அடிக்கும்போது பற்றரி முனைகளில் பாருங்கள். 9.6க்குக் கீழே விழுந்தால் ஒன்று பற்றரி பலவீனம், இல்லை மோட்டர் அளவுக்கு மீறி இழுக்கிறது.

அடுத்ததுதான் என்னை அந்த முதல் முட்டாள்தனத்தில் இருந்து காப்பாற்றியிருக்கக் கூடிய சோதனை. மீட்டரின் ஒரு முனையைப் பற்றரியின் மைனஸ் கம்பத்திலும் மறுமுனையை மோட்டரின் வெற்று உடம்பிலும் வைத்துக்கொண்டு அடிக்கச் சொல்லுங்கள். டெர்மினல் கிளிப்பில் வைக்காதீர்கள், ஈயக் கம்பத்திலேயே வையுங்கள். 0.2, 0.3 வோல்ட் வரை சரி. அதற்கு மேல் போனால் ஏர்த் கேபிள்தான் கள்ளன். பிறகு பற்றரி பிளஸ் கம்பத்தில் இருந்து சொலினொயிட்டின் தடித்த கேபிள் ஏறும் ஆணிக்கு அதே மாதிரி. இங்கே 0.5க்குள் இருக்க வேண்டும். கேபிள் வெளியே பார்க்க அழகாக இருக்கும், தின்றிருப்பது உறைக்குள்ளே. கடலோரத்தில் இருப்பவர்கள், வெள்ளவத்தையோ தெகிவளையோ, ஏர்த்தைத்தான் முதலில் சந்தேகிக்க வேண்டும். ஒரு விஷயம்: மோட்டர் உண்மையில் மின்சாரம் இழுத்துக்கொண்டிருந்தால்தான் இந்த எண்கள் பேசும். மோட்டருக்குள் கரண்ட் ஓடாமல் வெறும் 'டக்' மட்டும் கேட்டு நிற்கும் நேரத்தில் இவை பூச்சியத்துக்குக் கிட்டத்தான் காட்டும்.

எனக்கு அந்த இரண்டாம் தரம் வந்தது இப்படி: மோட்டர் சுற்றிய வேளைகளில் ஏர்த் 0.1, பிளஸ் 0.3. இரண்டும் நல்லது. 'டக்' என்று நின்ற வேளைகளில் பற்றரி 12.3இல் இருந்து இறங்கவே இல்லை. அதாவது சொலினொயிட் அடிக்கிறது, ஆனால் மோட்டருக்குள் கரண்ட் ஓடவில்லை. சில்லுக் கழற்றும் ஸ்பானரின் பிடியால் மோட்டர் உடம்பில் மெதுவாக இரண்டு தட்டுத் தட்டி, தம்பியை அடிக்கச் சொன்னேன். என்ஜின் சுற்றியது. தட்டினால் வேலை செய்கிற மோட்டருக்குக் கார்பன் பிரஷ் முடிந்துவிட்டது என்று கிட்டத்தட்ட எழுதியே கொடுக்கலாம். அந்தத் தட்டு உங்களை வீடு வரை கொண்டுவந்து சேர்க்கும். அதை வைத்துக்கொண்டு கண்டிக்குப் போக நினைக்காதீர்கள்.

மோட்டரைக் குற்றம் சொல்வதற்கு முன் இன்னொன்று. பற்றரி பிளஸ்ஸில் இருந்து ஒரு தனி வயரைச் சொலினொயிட்டின் சின்ன முனைக்குத் தொடுங்கள். நியூட்ரல், ஹாண்ட்பிரேக், இரண்டையும் மறுபடி பார்த்துவிட்டுத் தொடுங்கள், இல்லாவிட்டால் கார் உங்கள்மீது ஏறிவிடும். அப்போது நன்றாகச் சுற்றினால் மோட்டரில் பிழை இல்லை, திறப்பு சுவிட்சும் அதன் வயரும் கிழண்டிவிட்டன. இடையில் ஒரு ரிலே வைத்தால் போதும்.

வெள்ளத்தில் நின்ற கார் சுற்றவில்லை என்றால் இவை ஒன்றும் வேண்டாம், செல்ஃப் அடிப்பதை நிறுத்துங்கள். சிலிண்டருக்குள் தண்ணீர் இருந்தால் கனெக்டிங் ரொட் வளைந்துவிடும்.

சரி, கழற்றலாம்.

பற்றரி மைனஸைக் கழற்றாமல் ஸ்பானரை எடுக்காதீர்கள். மோட்டருக்கு வரும் தடித்த கேபிளில் பியூஸ் கிடையாது, ஸ்பானர் பொடியில் தட்டினால் வெல்டிங்தான். மைனஸுக்கு 10 ஸ்பானர். கீழே போவதாக இருந்தால் காரை ஸ்டாண்டில் நிறுத்துங்கள், ஜாக்கை நம்பிக் கீழே படுக்காதீர்கள். என்ஜின் ஆறியிருக்கட்டும்.

மோட்டர் என்ஜினும் கியர்பெட்டியும் சேரும் இடத்தில் படுத்திருக்கும். என் காரில் தடித்த கேபிளின் நட்டுக்கு 12, பிடித்திருக்கும் இரண்டு போல்ட்டுக்கும் 14. வயர்களைக் கழற்றும் முன் போனில் ஒரு படம் எடுங்கள். போல்ட் அசையாவிட்டால் துரு எண்ணெய் அடித்துவிட்டுத் தேத்தண்ணி குடித்துவிட்டு வாருங்கள், அவசரப்பட்டால் போல்ட்டின் தலை உருண்டுவிடும். மேல் போல்ட் கைக்கு எட்டாமல் அரை மணித்தியாலம் தின்றது. நீட்டுப் பிடியும் சொக்கெட்டும் இருந்தால்தான் சரிவரும். கீழ் போல்ட் கடைசிச் சுற்றில் இருக்கும்போது மோட்டரை ஒரு கையால் தாங்குங்கள். பழைய மோட்டர் நல்ல பாரம், முகத்துக்கு நேரே விழக்கூடாது. இடையில் மெல்லிய தகடு ஏதும் இருந்தால் எறியாதீர்கள், அது அதே இடத்துக்குத் திரும்பிப் போக வேண்டும். ஸ்டாண்டில் நிற்கும் காரை இறக்கிவிட்டு, மோட்டர் எடுத்த ஓட்டைக்குள் டோர்ச் அடித்து, ஓர் ஆளைக் கொண்டு காரைக் கியரில் தள்ளவைத்து, ரிங் கியர் பற்களை முழுச் சுற்றும் பாருங்கள். இதற்கு இன்னொரு தரம் சந்தர்ப்பம் கிடைக்காது.

பின் மூடியைத் திறந்தேன். கார்பன் பிரஷ் கட்டையாகிக் கிடந்தது. பாதிக்கு மேல் தேய்ந்தாலே மாற்ற வேண்டும், இது ஸ்பிரிங் அழுத்த முடியாத அளவுக்குப் போயிருந்தது. பிரஷ் மட்டும் என்றால் சந்தோஷப்பட்டிருப்பேன். தண்டைத் தாங்கும் புஷ்ஷும் தேய்ந்து, உள்ளே சுற்றும் ஆமேச்சர் கீழே இறங்கி உரசி, ஒரு பக்கம் கண்ணாடி மாதிரிப் பளபளத்தது. இப்படி உரசும் மோட்டர் சூட்டில் இழுத்து இழுத்துச் சுற்றும். பம்பலப்பிட்டிக்குப் போய்க் கடையில் இருந்து திரும்பி வந்தால் செல்ஃப் முனகியதற்குக் காரணம் அப்போதுதான் விளங்கியது.

அதைத் தூக்கிக்கொண்டு, மருதானைப் பக்கம் இருக்கும் பஞ்சிகாவத்தைக்குப் போனேன். அங்கே போனால் பழைய காரின் எந்த உறுப்பும் கிடைக்கும். 2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நின்று, தனியார் கார்களுக்கு 2025 பெப்ரவரியில்தான் திறந்தது. இடைப்பட்ட காலத்தில் எங்களைப் போன்றவர்கள் எல்லாரும் பழையதைத்தான் ஓட்டினோம். பழைய மோட்டரைக் கையில் கொண்டு போக வேண்டும். போல்ட் ஓட்டைகளின் தூரம், பெண்டிக்ஸ் பல்லின் எண்ணிக்கை, சுற்றும் திசை மூன்றையும் பக்கத்தில் பக்கமாக வைத்துப் பாருங்கள். வெள்ளிப் பெயிண்ட் அடித்த மினுக்கத்தைப் பார்த்து மயங்காதீர்கள். நான் மயங்கியது அதற்குத்தான்.

"நானா, இதைப் பற்றரியில போட்டுக் காட்டுங்கோ," என்று கடைக்காரரிடம் சொன்னேன். "ஓடும் தங்கச்சி, ஓடாமலா வச்சிருக்கோம்," என்றார், ஆனால் போட்டுக் காட்டினார். மைனஸ் மோட்டர் உடம்புக்கு, பிளஸ் தடித்த ஆணிக்கு, அங்கிருந்து சின்ன முனைக்கு ஒரு தொடு. பெண்டிக்ஸ் வெளியே பாய்ந்து வந்து ஒரே சீராகச் சுற்ற வேண்டும். காலால் அமத்திப் பிடிக்க வேண்டும், துள்ளும். சுமை இல்லாமல் இரண்டு மூன்று செக்கனுக்கு மேல் ஓடவிடாதீர்கள். அவர் காட்டியதன் தண்டைக் கையால் ஆட்டிப் பார்த்தேன், மேலும் கீழும் ஆடியது. புஷ் இல்லை.

அப்போதுதான் படிக்கட்டுக்குக் கீழே கிடந்த பழைய ஒரிஜினல் ஞாபகம் வந்தது. அதில் பிழை ஒன்றும் இருக்கவில்லையே. மறுநாள் அதைத் திறந்தேன். பிரஷ் அரைவாசி, ஆமேச்சர் உரசவில்லை. மோட்டர், ஓல்டர்னேட்டர் மட்டும் பார்க்கிற ஒரு மெக்கானிக் பாஸிடம் கொடுத்து நாலு பிரஷும் இரண்டு புஷ்ஷும் போட்டேன். இந்தப் பழைய வகையில் பிரஷ் வயரை ஈயம் வைத்து ஒட்ட வேண்டும், சின்ன சோல்டரிங் கம்பிக்குச் சூடு பத்தாது. பிரஷ் உரசும் கம்யூட்டேட்டரை நைஸ் மட்டத்தாளால் துடைத்து, செப்புக் கீற்றுகளுக்கு இடையில் அடைந்த கரியைச் சுரண்டினால் போதும். புது புஷ்ஷை ஒரு இரவு எண்ணெயில் ஊறப்போட்டுத்தான் அடிக்க வேண்டும்.

தொண்ணூறுகளின் கொரோலா வைத்திருப்பவர்களுக்கு ஒரு குறிப்பு. அவற்றின் சின்ன, கியர் வைத்த மோட்டரில் பிரஷ்ஷுக்கு முன்னமே சொலினொயிட்டுக்குள் இருக்கும் இரண்டு செப்புத் துண்டுகள் தேய்ந்துவிடும். அதே ஒற்றை 'டக்'தான். மூன்று திருகாணியைக் கழற்றி அந்தச் செப்பை மாற்றினால் மோட்டர் பல வருடம் போகும், முழு மோட்டர் விற்க வருபவரிடம் முதலில் இதைக் கேளுங்கள்.

திரும்பப் பூட்டும்போது மோட்டரின் முகமும் கியர்பெட்டியில் அது உட்காரும் முகமும் வெற்று உலோகமாக இருக்க வேண்டும். மோட்டருக்கு ஏர்த் வருவதே அந்த முகத்தால்தான். பெயிண்ட் இருந்தால் மட்டத்தாள் போட்டுச் சுரண்டுங்கள். இரண்டு போல்ட்டையும் கையால் பிடிக்கவைத்த பிறகே ஸ்பானர். தடித்த கேபிளின் நட்டை இறுக்கும்போது ஆணி சேர்ந்து சுற்றாமல் பாருங்கள், உள்ளே முறிந்துவிடும். கேபிள் எக்ஸோஸ்ட்டில் முட்டக்கூடாது. கொயில் வயரைத் திரும்பப் போட மறந்துவிட்டு நான் ஐந்து நிமிடம் செல்ஃப் அடித்தேன், நீங்கள் மறக்காதீர்கள். ஒரு தரத்துக்குப் பத்து செக்கனுக்கு மேல் அடிக்கவும் வேண்டாம், இடையில் ஆறவிடுங்கள்.

மைனஸ், கொயில் வயர் இரண்டும் போட்டாயிற்று என்று பார்த்துவிட்டுத் தம்பியைக் கூப்பிட்டேன். "அடிக்கவா அன்ரி?" அடித்தான். அரைச் சுற்றில் பிடித்தது. ஏர்த் கேபிளின் இரண்டு முனைக்கும் கிரீஸ் பூசினேன், ஒரு கிழமை ஓடிய பிறகு இரண்டு போல்ட்டையும் மறுபடி ஒரு தரம் இறுக்கிப் பார்த்தேன். கீழ் போல்ட் கால் சுற்று வந்தது.