பேஸ்மென்ட் வெள்ளத்தை இறைக்கும்போது செய்யக் கூடாதவை

2013 ஜூலை 8 அன்று ரொறன்ரோ பியர்சன் விமான நிலையத்தில் 126 மில்லிமீட்டர் மழை பதிவானது. 2024 ஜூலை 16 அன்று அதே இடத்தில் கிட்டத்தட்ட 98. இரண்டு தடவையும் நகரத்திலும் சுற்றியுள்ள ஊர்களிலும் ஏராளமான வீடுகளின் பேஸ்மென்டுக்குள் தண்ணீர் புகுந்தது. நம்மவர்கள் வீடுகளில் பேஸ்மென்ட் வெறும் கிடங்கு அல்ல. வாடகைக்கு ஒரு குடும்பம் இருக்கும், அல்லது அம்மா அப்பா இருப்பார்கள். யாருமே இல்லாவிட்டாலும் டீப் ஃப்ரீசரும் அரிசி மூட்டையும் கல்யாண அல்பங்களும் இருக்கும். அதனால் தண்ணீரைக் கண்டதும் கை கால் பரபரக்கும். சிக்கல் என்னவென்றால், தண்ணீரை இறைக்கும்போது அவசரப்படுகிறோம், நனைந்த சுவரைக் கழற்றத் தயங்குகிறோம், பிறகு அதை மூடும்போது மறுபடியும் அவசரப்படுகிறோம்.

முதல் தவறு படியிறங்கும்போதே நடந்துவிடுகிறது. பிரேக்கர் பெட்டி அநேகமான வீடுகளில் கீழேதான் இருக்கும். "மெயினை நிறுத்திவிட்டு வருகிறேன்" என்று தண்ணீருக்குள் நடந்து போகிறவர், அந்த மின்சாரம் பாயக்கூடிய தண்ணீரிலேயே கால் வைக்கிறார். பிளக் பொயின்ட் நனையவில்லை என்பதால் மட்டும் ஆபத்தில்லை என்று சொல்ல முடியாது. தரையில் கிடக்கும் எக்ஸ்டென்ஷன் வயரும் ஃப்ரீசரின் மோட்டாரும் அதைவிடத் தாழ்வாக இருக்கின்றன. பெட்டிக்குப் போகிற வழியில் தண்ணீர் நின்றால் மேலேயே நின்று மின்சாரக் கம்பனியைக் கூப்பிடுங்கள். வெளியிலிருந்தே இணைப்பைத் துண்டிக்க அவர்களால் முடியும். காஸ் மணம் வந்தால் எந்த சுவிட்சையும் தொடாமல் வெளியேறி, தள்ளி நின்று போன் எடுங்கள். தண்ணீர் வடிந்ததும் வீட்டைச் சூடாக்கும் பர்னஸையும் சுடுதண்ணீர்த் தாங்கியையும் போட்டுப் பார்ப்பதும் கூடாது. நனைந்த பிரேக்கரும் பிளக் பொயின்டும் காய்ந்த பிறகு நல்லதாகத் தெரியலாம், ஆனாலும் அவற்றை மாற்றத்தான் வேண்டும். அதற்கு உரிமம் பெற்ற எலெக்ட்ரீசியன் வரட்டும்.

மின்சாரம் இல்லையென்றால் அடுத்து ஞாபகத்துக்கு வருவது ஜெனரேட்டர். மழை பெய்கிறதே என்று அதைக் கராஜுக்குள் வைத்துக் கதவைத் திறந்துவிடுகிறார்கள். கார்பன் மொனொக்சைட்டுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. திறந்த கராஜிலிருந்தும் அது வீட்டுக்குள் வரும். ஜெனரேட்டரோ பெற்றோல் பம்போ வீட்டிலிருந்து குறைந்தது 6 மீட்டர் தள்ளி, புகை யன்னல் பக்கம் வராதபடி நிற்க வேண்டும். மின்சாரப் பம்ப் என்றால் அதை மேல்மாடிச் சமையலறையில் டெஸ்ட், ரீசெட் என்று இரண்டு பொத்தான் உள்ள பிளக் பொயின்டில் செருகுங்கள். மின்சாரம் கசிந்தால் அது உடனே டிரிப் ஆகிவிடும். பம்பைத் தண்ணீருக்குள் இறக்குவதும் தூக்குவதும் கைப்பிடியில் கட்டிய கயிற்றால்தான். வயரைப் பிடித்து இழுக்கக் கூடாது.

இனி இறைப்பு. ஊரில் தோட்டக் கிணறு இறைத்தவர்களுக்கு இது சட்டென்று விளங்கும். கிணற்றை இறைக்க இறைக்கப் பக்கத்து மண்ணிலிருந்து ஊற்று உள்ளே பாயும் அல்லவா, வெள்ளம் வந்த பேஸ்மென்டும் கிட்டத்தட்ட அப்படித்தான். சுற்றியுள்ள மண் ஊறிப்போய் நிற்கிறது. உள்ளே இருக்கும் தண்ணீர் சுவரை வெளியே தள்ள, மண்ணில் இருக்கும் தண்ணீர் உள்ளே தள்ள, இரண்டும் ஓரளவு சமப்பட்டு நிற்கின்றன. ஒரு மீட்டர் ஆழத் தண்ணீர் அதன் அடியில் ஒவ்வொரு சதுர மீட்டர் மீதும் ஒரு தொன் அளவில் அழுத்தும். உள்ளே இருப்பதை ஒரே மூச்சில் இறைத்துவிட்டால் வெளியிலிருந்து வரும் தள்ளலை வெறும் சுவரே தாங்க வேண்டியிருக்கும். சுவர் வளையும், சில வேளை தரையே மேலெழும்பி வெடிக்கும். பழைய வீடுகளின் கொங்கிரீட் பிளாக் சுவர் என்றால் இன்னும் கவனம் வேண்டும்.

அதனால்தான் ஒரு நாளைக்கு மூன்றில் ஒரு பங்கு மட்டும் இறைக்கும்படி கனடா அரசு சொல்கிறது. செய்முறை எளிது. முதல் பங்கை இறைத்ததும் பம்பை நிறுத்தி, தண்ணீர் மட்டத்தில் சுவரில் ஒரு டேப் துண்டை ஒட்டி, நேரத்தை எழுதி வையுங்கள். காலையில் பாருங்கள். தண்ணீர் டேப்பைத் தாண்டி ஏறியிருந்தால் வெளி மண் இன்னும் வடியவில்லை, ஆகவே பொறுக்க வேண்டும். அப்படியே நின்றால் அடுத்த பங்கை இறைக்கலாம். கணுக்கால் அளவுத் தண்ணீருக்கோ வெடித்த குழாயிலிருந்து வந்த தண்ணீருக்கோ இந்தக் கணக்கு வேண்டாம், நேரே இறைத்துவிடுங்கள். ஆழமாக நிற்கும் தண்ணீருக்குத்தான் இந்த நிதானம்.

இறைத்த தண்ணீர் எங்கே போகிறது என்பதையும் பாருங்கள். குழாயின் முனையை யன்னலுக்கு வெளியே போட்டதோடு விட்டுவிட்டால், அது அத்திவாரத்து ஓரமாக இறங்கி மறுபடி உள்ளே வரும். வீட்டிலிருந்து விலகிச் சரியும் இடம் வரை, பக்கத்து வீட்டுக்காரர் தலையில் விழாதபடி, குழாயை நீட்டுங்கள்.

பலருக்குத் தெரியாத ஒன்று பேக்வாட்டர் வால்வு பற்றியது. தெருக் குழாய் நிரம்பிக் கழிவு திரும்பி வராமல் தடுக்கும் வால்வு அது. அதைப் பொருத்துவதற்கு ரொறன்ரோ மாநகரசபை மானியமும் தருகிறது. ஆனால் அது மூடியிருக்கும்போது உங்கள் வீட்டுத் தண்ணீரும் வெளியே போக முடியாது. மழை கொட்டும் நேரத்தில் மேலே ஒருவர் குளித்து, இன்னொருவர் வாஷிங் மெஷினைப் போட்டால் அத்தனையும் பேஸ்மென்ட் தரை வடிகால் வழியாகப் பொங்கும். வால்வு பழுது என்று பிளம்பரைத் திட்டுவார்கள்.

தரை வடிகால் வழியாக வந்தது எதுவானாலும் அதைக் கழிவுநீராகவே எடுத்துக்கொள்ளுங்கள். பழைய பகுதிகளில் மழைநீரும் மலக்கழிவும் ஒரே குழாயில்தான் போகின்றன. தெளிவாக இருக்கிறதே என்று செருப்போடு இறங்க வேண்டாம். ரப்பர் சப்பாத்து, கையுறை, என்95 மாஸ்க் எல்லாம் வேண்டும். அரிசி மூட்டையின் மேல் பாதி காய்ந்துதானே இருக்கிறது என்று மனம் சொல்லும். சாக்கு நனைந்திருந்தால் முழுவதையும் எறிய வேண்டியதுதான்.

எறிவதற்கு முன் எல்லாவற்றையும் படம் எடுத்து, மாநகரசபையின் 311 இலக்கத்துக்கும் இன்சூரன்ஸுக்கும் சொல்லிவிடுங்கள். கழிவுநீர் திரும்பி வருவதற்கான காப்பீடு சாதாரண பொலிசியில் பெரும்பாலும் கிடையாது, தனியாகச் சேர்க்க வேண்டும்.

இறைத்து முடிந்ததும் வெள்ளத்தைப் பற்றிய பயம் போய்விடுகிறது. உண்மையில் வேகமாக ஓட வேண்டியது இப்போதுதான். 24 முதல் 48 மணி நேரத்தில் பூஞ்சணம் பிடிக்கத் தொடங்கும். டிரைவாலை, அதாவது காகித உறை போட்ட ஜிப்சம் பலகைச் சுவரைப் பாருங்கள். தரையில் நாலு விரல் தண்ணீர்தான் நின்றிருக்கும், ஆனால் அதன் காகித உறை தண்ணீரை மேலே உறிஞ்சிக்கொண்டே போகும். பெயின்ட் பூசிய முகம் சுத்தமாக இருக்கும். பெருவிரலால் அழுத்தினால் குழியும். பின்னால் இருக்கும் இன்சுலேஷன் பஞ்சு நனைந்தால் அங்கே காற்றே போகாது. தண்ணீர் நின்ற அடையாளத்துக்கு மேலே 50 சென்டிமீட்டர் வரை வெட்டிக் கழற்றச் சொல்கிறார்கள். பார்க்க நன்றாக இருக்கும் சுவரை வெட்ட யாருக்கும் மனம் வராது, ஆனாலும் வெட்டத்தான் வேண்டும். கழிவுநீரில் ஊறிய கார்பெட்டும் அதற்கு அடியிலுள்ள பஞ்சும் குப்பைக்குத்தான்.

ப்ளீச்சை வாளியில் கரைத்து ஊற்றினால் எல்லாம் சரி என்ற நம்பிக்கை நம் வீடுகளில் பலமாக இருக்கிறது. சேறு இருக்கும்வரை அதனால் பெரிய பலன் இல்லை. முதலில் சோப்புத் தண்ணீரால் தேய்த்துக் கழுவ வேண்டும். டொய்லெட் அசிட்டோடும் அமோனியா உள்ள கிளீனரோடும் ப்ளீச்சைக் கலந்தால் நச்சு வாயு வரும்.

காய வைப்பதற்கு யன்னலைத் திறப்பது வழக்கம். ஜூலை, ஓகஸ்ட் புழுக்கத்தில் அது எதிர்மாறாக வேலை செய்யும். வெளியிலிருந்து வரும் ஈரக்காற்று குளிர்ந்த கொங்கிரீட்டில் பட்டு நீராகப் படியும். அப்படியான நாட்களில் யன்னலை மூடி, காற்றின் ஈரத்தை இழுக்கும் டீஹ்யூமிடிஃபையரை இரவு பகலாக ஓட விடுங்கள். அதன் வாளி நிரம்பினால் மெஷின் தானாக நின்றுவிடும், அதனால் வடிகாலுக்கு ஒரு குழாய் போட்டுவிடுவது நல்லது. ஏற்கெனவே பூஞ்சணம் தெரிகிற இடத்தில் ஃபேன் போடாதீர்கள், பர்னஸ் காற்றையும் ஓட விடாதீர்கள். வித்துகள் மேல்மாடி வரை போய்விடும்.

கடைசித் தவறு சுவரைச் சீக்கிரம் மூடுவது. வாடகை நின்றுபோகிறதே என்று வீட்டுக்காரருக்குக் கவலை, கொன்ட்ராக்டருக்கு அடுத்த வேலை காத்திருக்கிறது. தொட்டால் காய்ந்ததுபோல் இருக்கும் மரச்சட்டத்தின் உள்ளே ஈரம் இருக்கும். ஈரமானி ஊசியைக் குத்திப் பார்த்து 15 சதவீதத்துக்குக் கீழே வந்த பிறகே டிரைவால் அடிக்க விடுங்கள். தரைக்கு ஒரு பிளாஸ்டிக் தாளை நாலு பக்கமும் டேப் ஒட்டி ஒரு நாள் விடுங்கள். தூக்கும்போது அடியில் வியர்த்திருந்தால் புதுக் கார்பெட்டை இப்போதைக்கு ஓடர் பண்ண வேண்டாம்.