நீரிணைகளின் பெயர் வரலாறு: தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஒரு நீரிணைக்கு யார் பெயர் இருக்கிறதோ, அவரே அதைக் கண்டுபிடித்தார் என்று எழுதிவிடுவதுதான் அதிகம் கண்ணில் படும் தவறு. நியூசிலாந்தின் தென்தீவுக்கும் ஸ்டூவர்ட் தீவுக்கும் நடுவே உள்ள ஃபோவோ நீரிணையைப் பாருங்கள். ஜோசப் ஃபோவோ, நியூ சவுத் வேல்ஸில் துணை ஆளுநராக இருந்த ராணுவ அதிகாரி. அந்தக் கடலை அளந்து வரைந்தவரோ ஓவன் ஃபோல்கர் ஸ்மித் என்ற அமெரிக்க சீல் வேட்டைக்காரர். 1804-இல் 'யூனியன்' கப்பலின் சிறு படகில் போய் அளந்தார். 1806-இல் சிட்னியில் ஆளுநர் கிங்கிடம் அவர் கொடுத்த வரைபடத்தில் அதன் பெயர் 'ஸ்மித் நீரிணை'. சில ஆண்டுகளிலேயே அது வழக்கொழிந்து, அதிகாரியின் பெயர் நிலைத்துவிட்டது. பாடுபட்டவர் பெயர் இப்படிக் காணாமல் போவது மனதை உறுத்தத்தான் செய்கிறது.

சரி, ஸ்மித்தான் முதலில் கண்டவர் என்று திருத்தி எழுதிவிடலாமா? கூடாது. அவருக்குப் பல தலைமுறைகள் முன்பே நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரி மக்கள் அங்கே படகோட்டினார்கள். அவர்கள் வழங்கும் பெயர் தே அரா அ கிவா, அதாவது கிவாவின் பாதை. இடையிலிருந்த நிலத்தை நடந்து கடந்து அலுத்துப்போன கிவா, கேவா என்ற திமிங்கிலத்திடம் அதைக் கடித்து வழி உண்டாக்கச் சொன்னாராம். அப்போது வாயிலிருந்து சிந்திய துணுக்குகளே அங்குள்ள சிறு தீவுகள் என்பது கதை. இதைப் புராணம் என்று அடிக்குறிப்பில் தள்ளிவிடாதீர்கள். இந்த நீரிணையின் பெயர் வரலாற்றை இங்கிருந்துதான் தொடங்க வேண்டும்.

அடுத்தது, இன்றைய வரைபடத்தை மனதில் வைத்துக்கொண்டு பழைய வரைபடத்தைப் படிப்பது. 1770-இல் ஆங்கிலேய மாலுமி ஜேம்ஸ் குக் தெற்கே சுற்றி வந்தபோது ஸ்டூவர்ட் தீவைத் தென்தீவோடு ஒட்டிய நிலமாகவே எடுத்துக்கொண்டார். அதே பயணத்தில் பேங்க்ஸ் தீபகற்பத்தைத் தீவு என்றும் குறித்தார். ஆகவே அவருடைய வரைபடத்தில் ஃபோவோ நீரிணையின் பழைய பெயரைத் தேடிப் பயனில்லை.

வடக்கே, வடதீவுக்கும் தென்தீவுக்கும் நடுவே இருக்கும் குக் நீரிணையிலும் இதே சிக்கல்தான். 1642 டிசம்பரில் டச்சு மாலுமி ஏபல் தாஸ்மன் அதன் மேற்கு வாய் வரை வந்தார். அதை ஒரு வளைகுடா என்று நினைத்துத் தன் கப்பல்களில் ஒன்றான 'சீஹானின்' பெயரை வைத்தார். 1770 ஜனவரியில் குக் அராபாவா தீவில் ஒரு குன்றின் மேல் ஏறிப் பார்த்தபோதுதான் கிழக்கேயும் கடல் திறந்திருப்பது ஐரோப்பியர்களுக்குத் தெரிந்தது. எனவே 'தாஸ்மன் நீரிணைக்கு வைத்த பெயர்' என்று எழுதாதீர்கள். அங்கே நீரிணை ஒன்று இருப்பதே அவருக்குத் தெரியாது.