உபரி சோலார் யூனிட்டுகளை என்ன செய்வது? மின் நிறுவனத்துக்குப் பதில் சொல்லும் முன் போட வேண்டிய கணக்கு

கூரையில் சோலார் பேனல் ஏறிவிட்டது, இருவழி மீட்டரும் வந்துவிட்டது. பகலில் வீட்டுத் தேவைக்குப் போக மிஞ்சும் மின்சாரம் வெளியே போய், பில்லில் வரவாக ஏறுகிறது. சில மாதங்கள் கழித்து மின் நிறுவனம் ஒரு கேள்வி கேட்கும்: மிஞ்சிய வரவை அடுத்த ஆண்டுக்குக் கொண்டுபோகலாமா, பணமாகக் கொடுத்து முடித்துவிடலாமா? பலர் அந்தப் படிவத்தைத் திறப்பதே இல்லை. அப்படி விட்டால் நிறுவனம் தன் வழக்கப்படி கணக்கை முடித்துக்கொள்ளும். அந்த வழக்கம் உங்களுக்குச் சாதகமாக இருக்க வேண்டும் என்று யாரும் விதி எழுதி வைக்கவில்லை.

எந்த விலைக்கு வாங்கிக்கொள்வார்கள் என்பதைத்தான் எல்லோரும் முதலில் கேட்கிறார்கள். அதற்கு முன் தெரிந்துகொள்ள வேண்டியது வேறு. கணக்கு முடியும் நாளில் மிஞ்சி நிற்பது உண்மையான உபரியா, இன்னும் செலவாகாத பருவகால இருப்பா? உங்கள் பேனல்கள் ஓர் ஆண்டு முழுவதற்குமான தேவையைத் தாண்டி உற்பத்தி செய்தால் அது முதல் வகை. வெயில் மாதங்களில் சேர்ந்தது மழை மாதங்களில் கரைவதற்குள் கணக்கை மூடிவிட்டால் அது இரண்டாம் வகை. பார்வைக்கு இரண்டும் பில்லில் ஒரே எண்ணாகத்தான் இருக்கும். ஆனால் எடுக்க வேண்டிய முடிவு நேர் எதிர்.

படி 1: பில்லில் நான்கு விஷயங்களைத் தேடுங்கள்

வாங்கிய யூனிட், கொடுத்த யூனிட், வரவு யூனிட்டாக இருக்கிறதா பணமாக இருக்கிறதா, ஆண்டுக் கணக்கு முடியும் நாள். இந்த நான்கும் தெரியாமல் அடுத்த படிக்குப் போக வேண்டாம். நான்காவது பெரும்பாலும் பில்லின் முகப்பில் இருக்காது; இணைப்பு ஒப்பந்தத்தில் இருக்கும்.

சோலார் இன்வெர்ட்டரின் (பேனல் மின்சாரத்தை வீட்டு மின்சாரமாக மாற்றும் கருவி) கைபேசிச் செயலி காட்டும் எண்ணை இங்கே கொண்டுவராதீர்கள். அது மொத்த உற்பத்தி. அதில் ஒரு பகுதி மீட்டரைத் தொடாமலேயே வீட்டுக்குள் செலவாகிவிடுகிறது. மிச்சம் மட்டும்தான் கொடுத்த யூனிட்டாகப் பதிவாகும். செயலியில் 400, பில்லில் 250 என்று இருந்தால் நிறுவனம் 150 யூனிட்டை விழுங்கிவிட்டது என்று பொருளல்ல. அந்த 150ஐ உங்கள் குளிர்சாதனப் பெட்டியும் நீர் மோட்டாரும் எடுத்துக்கொண்டன.

மீட்டரிலேயே பார்க்க விரும்பினால், பல நாடுகளின் ஸ்மார்ட் மீட்டர்களில் 1.8.0 என்ற குறியீட்டோடு வருவது நீங்கள் வாங்கியது, 2.8.0 என்று வருவது நீங்கள் கொடுத்தது.

படி 2: உங்கள் திட்டம் எந்த வகை என்று கண்டுபிடியுங்கள்

பெயர்கள் இடத்துக்கு இடம் மாறும். உள்ளே இருப்பது மூன்று வகைதான்.

முதலாவது நெட் மீட்டரிங். பில் காலம் முழுவதற்கும் கொடுத்த யூனிட்டை வாங்கிய யூனிட்டிலிருந்து கழிக்கிறார்கள். நண்பகலில் கொடுத்த ஒரு யூனிட், இரவில் எடுத்த ஒரு யூனிட்டுக்குச் சமம். இரண்டாவது நெட் பில்லிங். இதில் வாங்கும் யூனிட்டுக்கு ஒரு விலை, கொடுக்கும் யூனிட்டுக்கு வேறு விலை. கொடுப்பதன் விலை பொதுவாகக் குறைவு. மூன்றாவதில் உற்பத்தி முழுவதையும் தனி மீட்டரில் அளந்து விற்றுவிடுகிறீர்கள். வீட்டுக்கு வேண்டியதைத் தனியாக வாங்குகிறீர்கள்.

உலகின் போக்கு முதல் வகையிலிருந்து இரண்டாவதை நோக்கி இருக்கிறது. கலிபோர்னியாவில் 2023 ஏப்ரல் 15ஆம் தேதி முதல் விண்ணப்பித்தவர்கள் பெரிய தனியார் மின் நிறுவனங்களிடம் நெட் பில்லிங்கின் கீழ்தான் வருகிறார்கள். நெதர்லாந்து 2027 ஜனவரி 1 முதல் நெட் மீட்டரிங்கையே நிறுத்துகிறது. காரணம் எளிது. எல்லாக் கூரைகளும் ஒரே நேரத்தில் மின்சாரத்தை வெளியே தள்ளும் நண்பகலில் அதன் மதிப்பு சரிகிறது. சூரியன் மறைந்தபின் எல்லா வீடுகளும் விளக்கேற்றும்போது ஏறுகிறது. மின் கம்பித்தொடர் (கிரிட்) யாருக்கும் தண்ணீர்த் தொட்டி அல்ல. நீங்கள் பகலில் ஊற்றிய யூனிட் இரவுவரை அங்கே காத்திருப்பதில்லை. பழைய திட்டத்தில் இருப்பவர்களுக்குப் பல இடங்களில் பல ஆண்டுக் காப்பு உண்டு. ஆகவே நீங்கள் இணைந்த தேதியும் உங்கள் திட்டத்தின் ஒரு பகுதி.

யூனிட் வரவு, பண வரவு என்ற வேறுபாட்டையும் இங்கேயே குறித்துக்கொள்ளுங்கள். யூனிட் வரவு கட்டண உயர்வுக்கு அசையாது. விலை ஏறினாலும் ஒரு யூனிட் ஒரு யூனிட்தான். பண வரவு அப்படியல்ல. இன்று ஏறிய தொகை அடுத்த ஆண்டின் உயர்ந்த விலையில் குறைவான யூனிட்டைத்தான் வாங்கித் தரும்.

படி 3: பன்னிரண்டு மாதக் கணக்கு

உழைப்பு வேண்டிய இடம் இது. ஒரு தாளில் மாதவாரியாக வாங்கியதையும் கொடுத்ததையும் எழுதி, வித்தியாசத்தைக் கணக்கிட்டு, இருப்பை மாதாமாதம் கூட்டிக்கொண்டே வாருங்கள். நெட் மீட்டரிங்கில் உள்ள கற்பனையான ஒரு வீட்டை மூன்று மூன்று மாதமாகப் பார்ப்போம்.

முதல் காலாண்டு, தெளிந்த வானம்: கொடுத்தது 900, வாங்கியது 400. உபரி 500.
இரண்டாவது, கடும் வெயில், ஏசி ஓடும் காலம்: 800, 700. உபரி 100.
மூன்றாவது, மேகமும் மழையும்: 300, 650. பற்றாக்குறை 350.
நான்காவது, குறும்பகல்: 450, 600. பற்றாக்குறை 150.

ஆண்டு முழுவதற்கும் கொடுத்தது 2450, வாங்கியது 2350. உண்மையான உபரி 100 யூனிட் மட்டுமே.

நான்காம் காலாண்டின் முடிவில் கணக்கு முடிந்தால் இருப்பு 500, 600, 250, 100 என்று நகர்கிறது. ஒரு யூனிட்டைக்கூடக் காசு கொடுத்து வாங்க வேண்டியதில்லை; கடைசியில் 100 யூனிட் விற்பனை விலைக்குப் போகிறது. அதே வீட்டில், அதே பேனலில், கணக்கு இரண்டாம் காலாண்டின் முடிவில் முடிந்தால்? இருப்பில்லாமல் மழைக்காலத்துக்குள் நுழைகிறீர்கள். 350ம் 150ம் சேர்த்து 500 யூனிட்டை முழு விலைக்கு வாங்குகிறீர்கள். பிறகு 600 யூனிட் சேர்கிறது. சேர்ந்தவுடன் கணக்கு முடிந்து அத்தனையும் குறைந்த விலைக்குப் போகிறது.

வாங்கும் விலையை 100 என்றும் விற்கும் விலையை 30 என்றும் வைத்தால், முதல் நிலையில் 3,000 வரவு. இரண்டாவதில் 50,000 செலவு, 18,000 வரவு. ஆக 32,000 நஷ்டம். இடைவெளி 35,000, அதாவது 350 யூனிட்டின் முழு விலை. வேறு எதுவும் மாறவில்லை, நாட்காட்டியில் ஒரு தேதியைத் தவிர.

ஒரு விலக்கு உண்டு. சில திட்டங்களில் பற்றாக்குறை மாதத்தில் உடனே பணம் கேட்பதில்லை; ஆண்டு முழுவதின் கூட்டலையும் கழித்தலையும் கடைசியில் ஒரே பில்லாக முடிக்கிறார்கள். அங்கே பற்றாக்குறை முன்னால் வந்தாலும் பின்னால் வந்தாலும் தொகை ஒன்றுதான். முடிவுத் தேதியை மாற்றிப் பயனில்லை. உங்கள் நிறுவனம் எப்படிக் கேட்கிறது என்பதை ஒரு பற்றாக்குறை மாதத்துப் பில் காட்டிவிடும்.

பகல், மாலை, இரவு என்று நேரவாரிக் கட்டணம் இருந்தால் ஒவ்வொரு நேரத்துக்கும் தனி வரிசை போடுங்கள். பகலில் சேர்ந்த யூனிட் மாலை உச்ச நேரக் கணக்கைக் கழிக்க அனுமதி இல்லாத திட்டங்களில், மொத்தக் கணக்கு உபரி காட்டும்போதே மாலை யூனிட்டுக்குப் பில் வரும்.

படி 4: இப்போது முடிவெடுக்கலாம்

மிச்சம் பருவகால இருப்பாக இருந்தால் அதை விற்காதீர்கள். வரவைக் கொண்டுபோகும் தெரிவைக் கேளுங்கள். அது இல்லையென்றால் முடிவுத் தேதியை மாற்றக் கேளுங்கள். தேதியை எங்கே வைப்பது? உங்கள் இருப்பு இயல்பாகவே மிகக் கீழே இறங்கும் மாதத்தின் முடிவில். மேலே உள்ள வீட்டுக்கு அது நான்காம் காலாண்டின் கடைசி. பல நிறுவனங்கள் இந்த மாற்றத்தை ஒருமுறைதான் அனுமதிக்கும். ஓராண்டுத் தரவு கையில் இல்லாமல் அந்த ஒரு வாய்ப்பைச் செலவழிக்க வேண்டாம்.

மிச்சம் உண்மையான உபரியாக இருந்தால், அதை ஆண்டுதோறும் சுமப்பதில் பொருளில்லை. 100 அடுத்த ஆண்டு 200 ஆகும், பிறகு 300 ஆகும்; தொடப்படாமலே கிடக்கும். பணமாக வாங்குங்கள். மின்சாரக் கார் வாங்கும் திட்டமோ வீட்டில் ஆள் கூடும் வாய்ப்போ இருந்தால் மட்டும் சேர்த்துவைப்பதற்கு நியாயம் உண்டு.

தேர்வைத் திரும்பப் பெற முடியுமா என்பதைக் கையெழுத்துக்கு முன் கேட்டுவிடுங்கள். அமெரிக்காவின் கொலராடோ மாநிலச் சட்டம், ஆண்டு முடிவில் பணமாக வாங்காமல் இணைப்பு உள்ளவரை யூனிட்டாகவே கொண்டுபோக எழுத்து மூலம் கேட்க இடம் தருகிறது. ஆனால் அந்தத் தேர்வு ஒருமுறைக்கு உரியது. இணைப்பை முடித்துக்கொள்ளும்போது மிஞ்சும் யூனிட்டுக்கு நிறுவனம் பணம் தர வேண்டியதில்லை. இரண்டு ஆண்டில் வீடு மாறப்போகிறவர் இதைத் தேர்ந்தெடுப்பது தெரிந்தே இழப்பதற்குச் சமம்.

தெரிவே இல்லாத இடங்களும் உண்டு. அமெரிக்காவின் ஒரேகான் மாநிலத்தின் பெரிய தனியார் மின் நிறுவனங்களிடம், மார்ச்சில் ஆண்டுக் கணக்கு முடியும்போது மிஞ்சும் வரவு குறைந்த வருமானக் குடும்பங்களின் மின் கட்டண உதவிக்குப் போகிறது. நல்ல காரியம்தான், ஆனால் பெரிய பேனல் வைத்துச் சம்பாதிக்கலாம் என்று நினைத்தவருக்கு அங்கே வழியில்லை. பிரிட்டனில் நிலைமை வேறு. 2020 ஜனவரி 1 முதல் நடப்பில் உள்ள ஏற்றுமதி உத்தரவாதத் திட்டத்தில், நீங்கள் மின்சாரம் வாங்கும் நிறுவனத்துக்கே விற்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. அதிக விலை தருபவரைத் தேடிப் போகலாம். இப்படிச் சந்தை திறந்திருக்கும் இடத்தில் ஆண்டுக்கொரு முறை விலையை ஒப்பிட்டுப் பார்ப்பதே முடிவெடுப்பது.

உங்கள் பெயரில் இன்னொரு மீட்டர் இருந்தால், உபரியை அதற்கு மாற்ற முடியுமா என்றும் கேளுங்கள். அனுமதி இருந்தால் பணமாக வாங்குவதைவிட அது பெரும்பாலும் மேல்; அந்த யூனிட் அங்கே முழு விலையைத் தவிர்க்கிறது.

படி 5: வரவு தொடாத கட்டணங்கள்

நிலைக்கட்டணம், குறைந்தபட்ச பில், சில வரிகள் ஆகியவை யூனிட்டோடு சேராதவை. இருப்பில் ஆயிரம் யூனிட் இருந்தாலும் இவை வரும். பில் பூஜ்யமாகும் என்று விற்பனையாளர் சொன்னதை இந்தக் கட்டணங்களோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

படி 6: உபரியைக் குறைக்க வேண்டுமா?

எல்லோருக்கும் சொல்லப்படும் அறிவுரை: சலவை இயந்திரத்தைப் பகலில் ஓட்டுங்கள், வெந்நீரைப் பகலில் போடுங்கள். நெட் பில்லிங்கில் இது மிகச் சரி. குறைந்த விலைக்குப் போகவிருந்த யூனிட் வீட்டிலேயே தங்கி, முழு விலை யூனிட் ஒன்றை வாங்காமல் காக்கிறது. ஆனால் நேரவாரிக் கட்டணம் இல்லாத, ஒன்றுக்கு ஒன்று கழிக்கும் நெட் மீட்டரிங்கில் துணியை எப்போது துவைத்தாலும் பில் ஒன்றுதான். பேட்டரிக்கும் இதே கணக்கு. லித்தியம் பேட்டரியில் ஏற்றி இறக்கும்போது ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு வீணாகிறது. ஒன்றுக்கு ஒன்று கழிக்கும் இடத்தில் அது பில்லைக் கொஞ்சம் ஏற்றவே செய்யும். மின்தடைக்காக வாங்குவது வேறு விஷயம்.

படி 7: எழுத்தில் கேளுங்கள், பிறகு பில்லைப் பாருங்கள்

தொலைபேசியில் சொன்னது பதிவாகியிருக்கும் என்று நம்பி இருக்க வேண்டாம். இணைப்பு எண், மீட்டர் எண், கேட்கும் தெரிவு, எந்தத் தேதி முதல் என்பவற்றை எழுதி அனுப்பி, ஒப்புகை எண்ணை வாங்கி வையுங்கள். கணக்கு முடியும் நாளன்று மீட்டர் திரையில் இரு எண்களையும் தேதியோடு படம் எடுத்துக்கொள்ளுங்கள்.

அடுத்த பில்லில் தொடக்க இருப்பைப் பாருங்கள். கொண்டுபோகச் சொல்லியிருந்தால், போன பில்லின் இறுதி இருப்பும் இதுவும் ஒன்றாக இருக்க வேண்டும். பணமாகக் கேட்டிருந்தால், இருப்பு பூஜ்யமாகி, மிஞ்சிய யூனிட்டை அறிவிக்கப்பட்ட விலையால் பெருக்கிய தொகை பில்லில் தனிப் பதிவாக வந்திருக்க வேண்டும். இருப்பு பூஜ்யமாகி அந்தப் பதிவு இல்லையென்றால், ஒப்புகை எண்ணையும் படத்தையும் இணைத்து அன்றே புகார் அனுப்புங்கள். முறையீட்டுக்குக் காலவரம்பு வைத்திருக்கும் நிறுவனங்கள் உண்டு. அங்கே தீரவில்லையென்றால் மின் ஒழுங்குமுறை ஆணையத்தின் குறைதீர்ப்பு வழி இருக்கிறது.