சேமிப்புக் கணக்கு வட்டி: கணக்கிடும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

அசலையும் காலத்தையும் வட்டி விகிதத்தையும் பெருக்கி நூறால் வகுக்க வேண்டும் என்று பள்ளியில் படித்த தனிவட்டிச் சூத்திரம் சேமிப்புக் கணக்குக்கும் பொருந்தும். ஆனால் பணம் போடுவதும் எடுப்பதுமாக இருக்கும் கணக்கில் அசல் ஒரே தொகையாக நிற்பதில்லை என்பதை மறந்துவிடுவதால்தான் பலருடைய கணக்கு தவறிப்போகிறது.

மாதக் கடைசியில் பாஸ்புக்கில் இருக்கும் இருப்புக்கு மட்டும் வட்டி போட்டுப் பார்ப்பதே மிகப் பரவலான தவறு. ரிசர்வ் வங்கியின் உத்தரவுப்படி, 2010 ஏப்ரல் 1 முதல் வங்கிகள் ஒவ்வொரு நாள் முடிவிலும் உள்ள இருப்பைக் கொண்டே வட்டியைக் கணக்கிடுகின்றன. ஜூன் 1 அன்று 10,000 ரூபாய் இருக்கும் ஒருவரின் கணக்கில் 5ஆம் தேதி 40,000 ரூபாய் சம்பளம் ஏறுகிறது. 15ஆம் தேதி அவர் 30,000 ரூபாய் எடுக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். நான்கு நாள் 10,000, பத்து நாள் 50,000, பதினாறு நாள் 20,000 என்று கூட்டினால் 8,60,000 வரும். ஆண்டு வட்டி 3 சதவீதம் என்றால், இதை 3ஆல் பெருக்கி 36,500ஆல் (365 நாள் × 100) வகுக்க வேண்டும். விடை 70 ரூபாய் 68 காசு. மாதக் கடைசி இருப்பான 20,000க்கு மட்டும் பார்த்தவருக்கோ 50 ரூபாய்தான் கிடைத்திருக்கும்.

இதே முறையை அஞ்சலகக் கணக்குக்கும் பயன்படுத்துவது அடுத்த தவறு. அங்கே 10ஆம் தேதி முடிவிலிருந்து மாதக் கடைசி வரை உள்ள மிகக் குறைந்த இருப்புக்கே அந்த மாத வட்டி உண்டு. ஆகவே 11ஆம் தேதி போடும் ஒரு லட்சத்துக்கு அந்த மாதம் ஒரு காசும் வட்டி வராது. ஒரு நாள் முன்னதாகப் போட்டுக் கடைசி வரை எடுக்காமல் வைத்திருந்தால், 4 சதவீத வட்டியில் 333 ரூபாய் சேர்ந்திருக்கும். அஞ்சலகத்தில் பணம் வைப்பவர்கள் இந்தத் தேதியை அவசியம் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

ஊரில் ‘இரண்டு ரூபாய் வட்டி’ என்றால் நூறு ரூபாய்க்கு மாதம் இரண்டு ரூபாய், அதாவது ஆண்டுக்கு 24 சதவீதம். வங்கி சொல்லும் 3 சதவீதம் முழு ஆண்டுக்கும் உரியது என்பதால், மாதக் கணக்குக்குப் பன்னிரண்டாலோ நாள் கணக்குக்கு 365ஆலோ வகுக்காமல் விட்டால் தொகை பல மடங்கு பெருகித் தெரியும்.

வங்கிகள் பெரும்பாலும் மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டியை வரவு வைப்பதால், பாஸ்புக்கில் உள்ள வட்டித் தொகையைச் சரிபார்ப்பவர்கள் அந்த மூன்று மாதங்களின் தினசரி இருப்பையும் கூட்டிப் பார்க்க வேண்டும். வரவான வட்டி அன்றிலிருந்து இருப்போடு சேர்ந்து தானும் வட்டி ஈட்டும் என்பதால், ஆண்டு முழுவதற்கும் ஒரே தனிவட்டியாகப் போட்டால் சில ரூபாய் குறைவாகவே காட்டும்.