அசாமியத் தேதியை ஆங்கிலத் தேதியாக மாற்றுவது எப்படி?

அசாமிய நாட்காட்டியும் நம் தமிழ் மாதங்களைப் போலச் சூரியனை வைத்து ஓடுவதுதான். அதனால் பாதி வேலை நமக்கு ஏற்கெனவே தெரியும்.

படி 1: மாதம்

பொஹாக் என்றால் நம் சித்திரை. ஏப்ரல் நடுவில் பிறக்கும். அப்புறம் வரிசையாக ஜேட், ஆஹார், ஹாவோன், பாதோ, ஆஹின், காத்தி, ஆகோன், பூஹ், மாக், ஃபாகுன், சொத். எல்லாமே ஆங்கில மாதத்தின் 13-க்கும் 18-க்கும் இடையில் தொடங்கும். ஒன்றில் மட்டும் கவனம்: சொத்தைச் சித்திரை என்று நினைத்துவிடாதீர்கள். அது ஆண்டின் கடைசி மாதம், நம் பங்குனி.

படி 2: நாள்

சூரியன் ராசி மாறும் சங்கராந்தி நாளை நாம் பெரும்பாலும் புது மாதத்தின் முதல் நாளாக எடுப்போம். அசாமில் அது பழைய மாதத்தின் கடைசி நாள். அதனால்தான் இங்கே தமிழ்ப் புத்தாண்டு கொண்டாடும் ஏப்ரல் 14 அன்று அங்கே பெரும்பாலும் கொரு பிஹு என்ற மாட்டுத் திருவிழா: மாடுகளுக்கு உளுந்தும் மஞ்சளும் அரைத்துப் பூசி ஆற்றில் குளிப்பாட்டுவார்கள். பொஹாக் 1 மறுநாள்தான். ஜனவரியிலும் இதே கதை. நாம் பொங்கல் வைக்கும் நாளின் இரவில் அவர்களுக்கு உருகா என்ற ஊர் விருந்து, விடிந்ததும் மேஜி என்ற விறகுக் குவியலைக் கொளுத்தினால் மாக் 1. ஆக, தமிழ்த் தேதியில் ஒரு நாள் குறைத்தால் ஏறக்குறைய அசாமியத் தேதி. துல்லியம் வேண்டுமானால் அந்த ஆண்டின் பஞ்சிகையை (அசாமியப் பஞ்சாங்கம்) பார்த்தே ஆக வேண்டும்.

படி 3: ஆண்டு

காமரூபத்தின் (பழைய அசாம்) மன்னர் பாஸ்கரவர்மன் பெயரால் வழங்கும் பாஸ்கராப்தம் என்ற ஆண்டுக் கணக்குக்கு, பொஹாக் 1 முதல் டிசம்பர் 31 வரை ஆங்கில ஆண்டில் 593 கழியுங்கள். ஜனவரி முதல் சொத் முடிய 594. உதாரணமாக, 1990 ஜனவரி 20 என்றால் மாக் 5 அல்லது 6, ஆண்டு 1396. திருப்பி, பாஸ்கராப்தத்திலிருந்து ஆங்கில ஆண்டைக் கணக்கிடும்போது பூஹ் மாதம்தான் படுத்தும். டிசம்பர் நடுவில் தொடங்கி ஜனவரியில் முடிவதால், மாதத்தின் முதல் பாதிக்கு 593, பின்பாதிக்கு 594 கூட்ட வேண்டும்.

படி 4: எந்த ஆண்டுக் கணக்கு?

பஞ்சிகையில் 1947 என்று பார்த்தால் சுதந்திர ஆண்டு என்று எண்ண வேண்டாம். அது சக ஆண்டு என்ற இன்னொரு கணக்கு. 2025 ஏப்ரலில் தொடங்கியது. பழைய ஏடுகளிலும் இந்தக் கணக்கு நிறைய வரும். இதற்கு 78 கூட்டுங்கள். ஜனவரி முதல் சொத் முடிய வரும் தேதிகளுக்கு 79. உதாரணமாக, அசாமின் வைணவ மகான் சங்கரதேவர் மறைந்தது சக 1490, பாதோ மாதம். பாதோ ஆகஸ்ட், செப்டம்பரில் வருவதால் 78 கூட்டினால் போதும்: 1568.