இரவில் ஐந்து நிமிடம்: அன்றாடக் கணக்கு எழுதப் பழகும் முறை

தொடர்ந்து மூன்று ஆண்டுகள், ஜனவரி முதல் தேதியன்று கனத்த அட்டை போட்ட டைரி ஒன்றை வாங்கி, ஸ்கேல் வைத்து வரவு, செலவு, கடன், சேமிப்பு என நான்கு கட்டங்கள் கோடிட்டு, இரண்டு நிற மையில் கணக்கு எழுதத் தொடங்கினேன். மூன்று ஆண்டுகளிலும் அந்த டைரி பொங்கலைத் தாண்டவில்லை. நான்காம் முறை கோடும் இல்லாமல் கட்டமும் இல்லாமல், தெருமுனைக் கடையில் வாங்கிய 192 பக்க நோட்டில் எழுதத் தொடங்கினேன். அதன் வரிசையில் இப்போது ஆறாவது நோட்டு நடந்துகொண்டிருக்கிறது. முன்பு தவறியதற்கும் பின்பு நிலைத்ததற்கும் காரணம் என் மனவுறுதி அல்ல, வேலையின் அளவுதான். களைத்துப்போய் வீடு திரும்பும் நாளிலும் செய்து முடிக்கக்கூடிய அளவுக்கு அது சிறியதாக இருந்தது.

இந்தப் பழக்கத்தால் என்ன வந்துவிடப் போகிறது என்று கேட்பவர்களுக்கு ஒரு சான்று சொல்லலாம். 1888 முதல் 1891 வரை லண்டனில் சட்டம் படித்த காந்தி, வண்டிக் கட்டணம், தபால் செலவு, செய்தித்தாளுக்குக் கொடுத்த காசு வரை எழுதி வைத்து, ஒவ்வோர் இரவும் உறங்கப் போகுமுன் இருப்பைச் சரிபார்த்ததாகத் தம் சுயசரிதையில் கூறுகிறார். பின்னாளில் இலட்சக்கணக்கில் வந்த பொதுப்பணத்தைச் சிக்கனமாகக் கையாள முடிந்ததற்கும், தாம் நடத்திய இயக்கங்களில் கடன் நிற்காமல் மிச்சம் நின்றதற்கும் மாணவப் பருவத்தில் படிந்த அந்தப் பழக்கமே காரணம் என்பது அவருடைய கணிப்பு.

முதல் படி: நோட்டும் பேனாவும்

ஒரு நோட்டு, அதன் நடுவில் நூலால் கட்டிய ஒரு பேனா, இவை போதும். பேனாவைக் கட்டச் சொல்வது வேடிக்கையாகத் தோன்றலாம். எழுதாமல் விட்ட நாட்களில் பாதி, பேனாவைத் தேடிப் போய்ப் பாதியில் வேறு வேலையில் இறங்கிவிட்ட நாட்கள்தான். கைபேசிச் செயலியை நான் பரிந்துரைக்க மாட்டேன். கணக்கு எழுதக் கைபேசியைத் திறந்தவர் கணக்கை மட்டும் எழுதிவிட்டு அதைக் கீழே வைப்பது அரிது.

இரண்டாம் படி: நேரத்தை அல்ல, நிகழ்ச்சியைத் தேர்ந்தெடுங்கள்

‘இரவு ஒன்பது மணிக்கு எழுதுவேன்’ என்ற முடிவு முதல் வாரத்திலேயே ஆட்டம் காணும், ஏனெனில் ஒன்பது மணிக்கு நீங்கள் பேருந்தில் நின்றுகொண்டிருக்கலாம். அதற்குப் பதிலாக, எப்படியும் தினமும் நடக்கும் ஒரு செயலோடு இதைச் சேர்த்துக் கட்டுங்கள். ‘இன்னது நடந்ததும் இன்னதைச் செய்வேன்’ என்று முன்கூட்டியே முடிவு செய்துகொள்பவர்கள், பொதுவாக ‘செய்ய வேண்டும்’ என்று மட்டும் நினைப்பவர்களைவிட அதிகமாகச் செய்து முடிக்கிறார்கள் என்பதை உளவியலாளர் பீட்டர் கோல்விட்சர் 1990களில் தம் ஆய்வுகளில் காட்டினார். என்னுடைய நிகழ்ச்சி, இரவில் கைபேசியைச் சார்ஜில் போடுவது. அந்த பிளக்கின் பக்கத்து அலமாரியில்தான் நோட்டு இருக்கும். காலையில் எழுதத்தான் வசதி என்றால், நாட்காட்டித் தாளைக் கிழித்தவுடன் முந்தைய நாள் கணக்கை எழுதலாம்.

மூன்றாம் படி: பக்கத்தில் என்ன எழுதுவது

முதலில் தேதி, அதன்கீழ் பொருளும் தொகையும். ஒரு நாளைக்கு அரைப் பக்கம் போதும். அப்படி எழுதினால் 192 பக்க நோட்டு ஓர் ஆண்டுக்குச் சற்று மேல் வரும். என் நோட்டில் ஒரு சாதாரணச் செவ்வாய்க்கிழமை இப்படி இருக்கிறது: பால் 48, பேருந்து 26, டீ, வடை 24, வெண்டைக்காய் அரைக் கிலோ 20, மருந்து 112, தெரியவில்லை 30, ஆக மொத்தம் 260.

அந்தத் ‘தெரியவில்லை’ என்ற வரிதான் இந்த முறையின் அச்சாணி. முன்பெல்லாம் 30 ரூபாய் எங்கே போனது என்று அரை மணி நேரம் யோசித்து, எரிச்சலடைந்து, மறுநாள் நோட்டைத் தொடவே மனமில்லாமல் போகும். இப்போது ‘தெரியவில்லை’ என்று எழுதிவிட்டுத் தூங்கிவிடுகிறேன். கணக்குப் பிள்ளையாக வேலை பார்த்தவர்களுக்கு இது மகா பாவமாகத் தோன்றும்; தொடங்குபவருக்கு இந்தச் சலுகை வேண்டும். எழுத எழுத, அந்த வரியில் விழும் தொகை தானாகவே குறையும், ஏனென்றால் பணம் கொடுக்கும்போதே ‘இதை இரவில் எழுத வேண்டும்’ என்ற நினைவு வந்துவிடுகிறது.

யூபிஐ வழியாகத்தான் எல்லாச் செலவும் செய்கிறேன், பட்டியல் கைபேசியிலேயே இருக்கிறதே என்று சிலர் கேட்பதுண்டு. கைபேசிப் பட்டியலில் கடையின் பெயரும் தொகையும் இருக்கும். அந்த 340 ரூபாய்க்கு அரிசி வாங்கினீர்களா, ஐஸ்கிரீம் வாங்கினீர்களா என்பது இருக்காது. பட்டியலைப் பார்த்துப் பொருளின் பெயரோடு நோட்டில் எழுதிக்கொள்ளுங்கள்.

நான்காம் படி: முதல் இரண்டு மாதம் சேமிக்க முயலாதீர்கள்

இது பலருக்கு ஒப்பாது என்றாலும் அழுத்தியே சொல்கிறேன். எழுதத் தொடங்கிய முதல் வாரத்திலேயே செலவைக் குறைக்க முனைந்தால், செலவு கூடிய நாளில் நோட்டைத் திறக்கக் கூச்சம் வரும். கூச்சம் வந்த நோட்டு பிறகு திறக்கப்படாது. ஆகவே இந்த இரண்டு மாதமும் எழுதுவது மட்டுமே உங்கள் வேலை.

ஐந்தாம் படி: ஒரு நாள் விட்டுப்போனால்

விட்டுப்போகும். கல்யாண வீடு, காய்ச்சல், இரவுப் பயணம் என்று ஏதாவது ஒன்று வரும். 21 நாளில் எந்தப் பழக்கமும் படிந்துவிடும் என்ற பேச்சை நம்பி, இருபத்திரண்டாம் நாள் தடுமாறியவர்கள் தங்களையே நொந்துகொள்கிறார்கள். லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியைச் சேர்ந்த பிலிப்பா லாலியும் உடன் ஆய்வாளர்களும் 96 பேரிடம் 12 வாரம் நடத்திய ஆய்வு 2010-இல் இதழில் அச்சாயிற்று. அதன்படி, ஒரு செயல் யோசிக்காமலே நடக்கும் நிலைக்கு வரச் சராசரியாக 66 நாட்கள் ஆகின்றன. ஆளுக்கு ஆள் அது 18 நாள் முதல் 254 நாள் வரை வேறுபடலாம் என்று கணக்கிட்டார்கள். இடையில் ஒரு நாள் தவறியது பழக்கம் படிவதைப் பெரிதாகப் பாதிக்கவில்லை என்பதும் அதே ஆய்வின் முடிவு. எனவே விட்டுப்போன நாளின் தேதியை எழுதி, அதன்கீழ் ஒரு கோடு மட்டும் போட்டுவிட்டு இன்றைய கணக்கைத் தொடங்குங்கள். பழைய பாக்கியை உட்கார்ந்து நினைவுகூர்ந்து எழுத வேண்டாம்.

ஆறாம் படி: மாதக் கடைசியில் கூட்டுதல்

இரண்டு மாதம் முடிந்ததும் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பக்கங்களைப் புரட்டி, உணவு, போக்குவரத்து, மருத்துவம், மற்றவை என்று நான்கே தலைப்பில் கூட்டிப் பாருங்கள். என் விஷயத்தில் குற்றவாளி டீக்கடைதான் என்று உறுதியாக நம்பியிருந்தேன். கூட்டிப் பார்த்தபோது டீக்கடை நியாயமாகவே நடந்துகொண்டிருந்தது. வீட்டில் யாருமே பார்க்காத இரண்டு சந்தாக்கள், 149 ரூபாயும் 199 ரூபாயுமாக, மாதம் 348 ரூபாயைத் தாமாகவே எடுத்துக்கொண்டிருந்தன. அவற்றை நிறுத்தி, கையிலிருந்து இன்னும் கொஞ்சம் சேர்த்து, மாதம் 500 ரூபாய்க்கு அஞ்சலகத்தில் தொடர் வைப்புக் கணக்கு தொடங்கினேன்.

இந்தக் கணக்கை மாதம் 100 ரூபாயிலிருந்தே தொடங்கலாம்; ஐந்து ஆண்டில் 60 தவணை கட்ட வேண்டும். மாதம் 500 ரூபாய் என்றால் கட்டிய தொகை மட்டும் 30,000 ரூபாய், வட்டி தனி. 15-ஆம் தேதிக்குள் தொடங்கியவர் ஒவ்வொரு மாதமும் 15-க்குள் கட்ட வேண்டும். ஒரு தவணை தவறினால் நூறு ரூபாய்க்கு ஒரு ரூபாய் அபராதத்தோடு கட்டிச் சரிசெய்துவிடலாம். தொடர்ந்து நான்கு தவணை தவறினால்தான் கணக்கு நின்றுபோகும், அப்போதும் புதுப்பித்துக்கொள்ள இரண்டு மாத அவகாசம் உண்டு. தவணை கட்டிய நாளன்று அதையும் நோட்டில் செலவாகவே எழுதுங்கள்; மிச்சம் என்று தனியாக எழுதினால் அதை எடுத்துச் செலவழிக்கக் கை துறுதுறுக்கும்.

ஏழாம் படி: அடுத்த நோட்டு

என் முதல் நோட்டு தீர்ந்தபோது அடுத்ததை வாங்கி வைக்காததால் ஒன்பது நாட்கள் எழுதாமல் போயின. ஓராண்டுப் பழக்கம் பத்து நிமிடக் கடைப் பயணத்துக்குச் சோம்பியதால் ஏறக்குறைய அறுந்தே போயிற்று. ஆகவே கடைசிப் பத்துப் பக்கங்கள் மீதமிருக்கும்போதே புது நோட்டை வாங்கி, அட்டையில் தொடங்கும் தேதியை எழுதாமல் விட்டு, பழைய நோட்டின் அடியிலேயே வைத்துவிடுங்கள். நூலை அவிழ்த்துப் பேனாவை மாற்றிக் கட்டும் அன்று தேதியை எழுதிக்கொள்ளலாம்.